தேநீருக்கு ஆட்சேபணை

புனே மகர்பட்டாவில் வாரம் ஐந்து நாள் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்துவிட்டு, சனிக்கிழமை ஆனால் ஒரு ஃப்ளாட்டில் கூடித் தமிழில் காமெடி வீடியோ எடுக்கிறீர்களே, உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். போன வாரம் என்னைக் கூப்பிட்டுக் காபி கொடுத்து, "சார், உங்க அனுபவத்த எழுதிக் குடுங்க" என்று கேட்டீர்கள். உங்களில் பாதிப் பேருக்குத் தமிழ் படிக்க வராது என்பது எனக்குத் தெரியும். படிக்கத் தெரிந்தவர்கள் மற்றவர்களுக்கு வாசித்துக் காட்டுங்கள். வாசிக்கும்போது ஃபோனை நோண்டினால் எனக்குக் கெட்ட கோபம் வரும், சொல்லிவிட்டேன்.

நான் ஹீரோ இல்லை. வில்லனும் இல்லை. ஒன்பது வருஷம் ஒரு மராத்தி சேனலில் வந்த, கொஞ்சம் வேறு மாதிரியான ஒரு காமெடித் தொடரில், கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் உள்ளே வந்து எல்லாரையும் படுத்தி எடுத்துவிட்டுப் போகிற ஆளாக நடித்தேன். பின்னணியில் சிரிப்புச் சத்தம் போட மாட்டார்கள். யாரும் வாழைப்பழத் தோலில் வழுக்கி விழ மாட்டார்கள். பார்த்தவர்களில் பாதிப் பேர் "இதுல சிரிக்க என்ன இருக்கு?" என்று சேனலை மாற்றினார்கள். மீதிப் பேர் என்னைக் கடைத்தெருவில் பார்த்தால் இன்றைக்கும் கட்டிப்பிடிக்கிறார்கள். அந்த மீதிப் பேருக்காகத்தான் நடித்தேன்.

அதற்கு முன்னால் இருபத்திரண்டு வருஷம் ரஞ்சன்காவில் ஒரு தொழிற்சாலையில் தர ஆய்வாளர். காலையிலிருந்து மாலை வரை ஒவ்வொரு பாகமாகக் கையில் எடுத்து, உருட்டிப் பார்த்து, ஸ்கேல் வைத்து அளந்து, "இது சரியில்ல" என்று தள்ளி வைப்பதுதான் வேலை. அதனால் என் முகமே அப்படி ஆகிவிட்டது. கல்யாண வீட்டில் சாம்பாரை ஊற்றினால்கூட ஒரு தரம் உற்றுப் பார்த்துவிட்டுத்தான் கலப்பேன். ஒருநாள் கோர்படி மார்க்கெட்டில் குக்கர் கேஸ்கெட்டின் விட்டம் இரண்டு மில்லிமீட்டர் குறைகிறது என்று கடைக்காரரோடு முக்கால் மணி நேரம் வாதாடிக்கொண்டிருந்தேன். பின்னால் நின்ற ஒரு பெண்மணி கடைசிவரை கேட்டுவிட்டு, "நீங்க நடிப்பீங்களா?" என்றார். நான் கேஸ்கெட்டை அளந்த ஸ்கேலால் அவரையும் அளக்கிற மாதிரி பார்த்தேனாம். அப்போதே முடிவு செய்துவிட்டதாகப் பிறகு சொன்னார்.

அவர்தான் எங்கள் டைரக்டர். நாங்கள் எல்லாரும் தாயி என்று கூப்பிடுவோம். மராத்தியில் அக்கா என்று அர்த்தம். என்னைவிடப் பதினைந்து வயது சின்னவர், ஆனால் அவர் முன்னால் உட்காரக் கூசும். அவர் பெயரை எழுதினால் திட்டுவார், அதனால் தாயி என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் நாள் ஷூட்டிங்கில் நான் செய்த முட்டாள்தனத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். மேஜைமேல் ஒரு தட்டு பாகர்வடி இருந்தது, காரம் வைத்துச் சுருட்டிப் பொரித்த புனே பலகாரம். சும்மா உட்கார்ந்திருந்தால் நன்றாக இருக்காதே என்று, அத்தனை பேரும் தெரிகிற பெரிய ஷாட்டில் ஒன்றை எடுத்துக் கடித்தேன். எல்லாரும் சிரித்தார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை. பெரிய ஷாட்டில் கடித்தால் அதற்குப் பின் வருகிற ஒவ்வொரு ஷாட்டிலும், ஒவ்வொரு ரீடேக்கிலும், அதே வசனத்தில் அதே இடத்தில் புதிதாக ஒன்றை எடுத்துக் கடிக்க வேண்டும் என்பது எனக்கு யார் சொன்னார்கள்? சாயங்காலத்துக்குள் ஒரு டப்பா காலி. மறுநாள் முழுக்க வீட்டில் மோர்தான். நீங்கள் போன வாரம் எடுத்த வீடியோவில் ஒரு பையன் பெரிய ஷாட்டில் சிப்ஸ் சாப்பிடுவதைப் பார்த்தேன். அவனுக்காக வருத்தப்பட்டேன்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நான் சொல்ல வந்தது பாகர்வடியைப் பற்றி அல்ல.

தாயிக்கு ஒரு பழக்கம் உண்டு. கேமராவை ஒளித்து வைப்பார். பூச்சாடியில், நோட்டீஸ் போர்டுக்குப் பின்னால், ஒரு தரம் காலிச் சிலிண்டருக்குப் பக்கத்தில். எப்போது எடுக்கிறார் என்று எங்களுக்கே தெரியாது. கேட்டைத் தாண்டி உள்ளே வந்தால் நீ நீயில்லை, அந்தப் பாத்திரம், நான் சொல்லும்வரை வெளியே வராதே என்பார். கேட்டுக்கு வெளியிலேயே ஃபோனை அணைத்துவிட வேண்டும். வசனத்தைக் காகிதத்தில் தர மாட்டார். "இவன் இப்படிப்பட்டவன், இன்னிக்கு இங்க வர்றான்" என்று இரண்டு வரி சொல்வார், அவ்வளவுதான். கூட நடிப்பவர்களை முன்கூட்டிப் பார்க்கவும் விட மாட்டார். அந்த மாதிரி ஆளிடம் வேலை பார்த்தால் மண்டை காயும், ஆனால் ஒரு தரம் ருசி கண்டுவிட்டால் வேறு யாரிடமும் போகத் தோன்றாது.

இரண்டாவது எபிசோட். தொடர் இன்னும் டிவியில் வரவில்லை, என்னை ஈ காக்கைக்குக்கூடத் தெரியாது. தாயி சொன்ன இரண்டு வரி இது: "ஒரு ஹவுசிங் சொசைட்டியின் பொதுக்கூட்டம். உன் ஆள் எதை எடுத்தாலும் ஆட்சேபிக்கிறவன்." சொசைட்டி உறுப்பினர்களாக நடிக்க ஒரு நாடகக் குழுவிலிருந்து நாற்பது பேர் வருவார்கள், எல்லாரும் மராத்திக்காரர்கள் என்றார். "என் ஆட்களில் நீ ஒருத்தன்தான் தமிழ். வசனம் மறந்தால் தமிழில் முணுமுணுக்காதே, அங்கே ஒருத்தருக்கும் புரியாது" என்று எச்சரிக்கையும் செய்தார். ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு மணி, கோர்படிப் பக்கம் ஒரு சொசைட்டி, கிளப் ஹால்.

மே மாதக் கடைசி. வானம் கறுத்துக்கொண்டு இன்றைக்கோ நாளைக்கோ என்று நின்றது. நான் வீட்டிலேயே வேஷம் கட்டிக்கொண்டேன். சஃபாரி சூட், பையில் மூன்று பேனா, கையில் ஒரு துணிப்பை. பைக்குள் என் பழைய இரும்பு ஸ்கேலும் பூதக்கண்ணாடியும். என் மனைவி வாசலில் நின்று பார்த்துவிட்டு, "இதுக்கு வேஷம் எதுக்கு? நீங்க எப்பவும் இப்படித்தான இருக்கீங்க?" என்றாள்.

அந்தச் சொசைட்டிக்கு ஒரே பெயரில் இரண்டு பகுதிகள் உண்டு, முதல் கட்டம், இரண்டாம் கட்டம். இரண்டுக்கும் தனித்தனி கேட், தனித்தனி கிளப் ஹால். இது எனக்குத் தெரியாது. ஆட்டோ நின்ற கேட்டில் ஃபோனை அணைத்தேன். வாட்ச்மேன், "மீட்டிங்கா?" என்றார். "மீட்டிங்தான்" என்றேன். கையைக் காட்டினார். போனேன்.

உங்களுக்குப் புரிந்திருக்கும். எனக்குத்தான் ஒன்றரை மணி நேரம் புரியவில்லை. அது நிஜக் கூட்டம்.

ஹாலில் எழுபது எண்பது பேர் இருந்தார்கள். நாற்பது பேர் என்றாரே, சேனல் தாராளமாகிவிட்டது போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். மேடையில் நடுவில் சேர்மன், ரிட்டயரான ஒரு கர்னல், முதுகு சுவர் மாதிரி நேராக இருந்தது. பக்கத்தில் செக்ரட்டரி, கையில் ஃபைல், கழுத்தில் நரம்பு. செக்ரட்டரி போன வருஷக் கூட்டக் குறிப்பை, அதாவது மினிட்ஸை, படிக்க ஆரம்பித்தார். நான் எழுந்தேன்.

"ஹரகத் ஆஹே!"

மராத்தியில் ஆட்சேபணை இருக்கிறது என்று அர்த்தம். மொத்த ஹாலும் திரும்பியது. அங்கே பேச்செல்லாம் மராத்தியும் இந்தியும்தான், உங்களுக்காகத் தமிழில் சொல்கிறேன்.

"என்ன ஆட்சேபணை?" என்றார் செக்ரட்டரி.

"சுவரில் இருக்கிற கடிகாரம் நாலு நிமிஷம் ஃபாஸ்ட். அப்படியானால் இந்தக் கூட்டம் ஆரம்பிப்பதற்கு முன்பே ஆரம்பித்துவிட்டது. செல்லுமா?"

நாலு பேர் சிரித்தார்கள். கர்னல் தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "அவர் சொல்வது சரி. நாலு நிமிஷம் காத்திருப்போம்" என்றார். எழுபது பேரும் நாலு நிமிஷம் சும்மா உட்கார்ந்திருந்தோம். அடடா, என்ன டைமிங் இந்த ஆளுக்கு என்று எனக்குப் புல்லரித்துவிட்டது.

அதற்கப்புறம் என்னைப் பிடிக்க முடியவில்லை. போன வருஷத் தீர்மானம் ஒன்று "அனைவராலும் மகிழ்ச்சியுடன் ஏற்றுக்கொள்ளப்பட்டது" என்று இருந்தது. மகிழ்ச்சியை அளந்தது யார் என்று கேட்டேன். நோட்டீஸை ஸ்கேல் வைத்து அளந்து, இடது ஓரத்தில் இடம் ஜாஸ்தி, வலது ஓரத்தில் கம்மி, இதில் உள்நோக்கம் உண்டா என்றேன். லிஃப்ட் கான்ட்ராக்டைப் பூதக்கண்ணாடி வைத்துப் படித்தேன். செக்ரட்டரியின் கழுத்து நரம்பு ஒவ்வொரு தரமும் புடைத்தது. இந்த மனுஷரைத் தாயி எங்கே பிடித்தார், இவர் ஏன் இன்னும் பெரிய படத்தில் நடிக்கவில்லை என்று உள்ளுக்குள் அங்கலாய்த்தேன். முன்வரிசையில் ஒரு பெரியவர் தூங்கிக்கொண்டிருந்தார். தூங்குகிற மாதிரி நடிப்பது லேசுப்பட்ட காரியமில்லை, நீங்கள் செய்து பாருங்கள், கண்ணிமை காட்டிக் கொடுத்துவிடும். இவருக்கோ வாயோரத்தில் எச்சில் வேறு வழிந்தது. தொழில்பக்தி என்றால் இது என்று நினைத்தேன்.

நான் யார் என்று ஒருவரும் கேட்கவில்லையா என்று கேட்பீர்கள். பெரிய சொசைட்டி. ஏ விங்காரர்கள் என்னை பி விங் என்று நினைத்தார்கள், பி விங்காரர்கள் சி விங் என்று நினைத்தார்கள். புதிதாக ஃப்ளாட் வாங்கி வந்த யாரோ ஒரு கிறுக்கு என்பதில் மட்டும் எல்லாருக்கும் ஒரே கருத்து. அரை மணி நேரத்தில் எனக்குப் பெயரும் வைத்துவிட்டார்கள், ஹரகத் காகா, அதாவது ஆட்சேபணைச் சித்தப்பா என்று. பின்வரிசையில் இருந்தவர்கள் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார்கள்.

புனே சொசைட்டிகளில் எழுதி வைக்காத ஒரு சட்டம் உண்டு, உங்களில் யாராவது பொதுக்கூட்டத்துக்குப் போயிருந்தால் தெரியும். வடாவும் சாயாவும் ஹாலுக்குள் வந்துவிட்டால் கூட்டம் முடிந்தது. அஜெண்டாவில் எத்தனை மிச்சம் இருந்தாலும் சரி, எல்லாரும் எழுந்துவிடுவார்கள், யாரோ நன்றி சொல்வார்கள், மிச்சம் இருப்பது அடுத்த வருஷத்துக்கு. விவரமான செக்ரட்டரிகள் வேண்டாத விஷயத்தைக் கடைசியில் போட்டு, சாயாக்காரருக்குச் சரியான நேரத்தில் கண்ஜாடை காட்டுவார்கள்.

எட்டாவது விஷயம் முடிந்தது. ஒன்பதாவதை எடுப்பதற்கு முன்னால் செக்ரட்டரி வாசலைப் பார்த்துத் தலையசைத்தார். பெரிய கெட்டிலோடு ஒரு ஆளும், வடாத் தட்டுகளோடு இன்னொரு ஆளும் உள்ளே வர, நாற்காலிகள் கிரீச்சிட்டன. என் காகா சும்மா விடுவானா? ஓடிப் போய் வாசலில் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றேன்.

"சாயாவுக்கு ஹரகத் ஆஹே! அஜெண்டாவில் பதினோரு விஷயம். சாயா எத்தனாவது? காட்டுங்கள். இல்லாத விஷயத்தை எப்படி எடுப்பீர்கள்?"

ஹால் இடிந்துவிடுகிற மாதிரி சிரிப்பு. சாயாக்காரர் என்னை முறைத்தார். செக்ரட்டரி, "இந்த ஆளை யாராவது..." என்று ஆரம்பிக்க, கர்னல் மேஜையைத் தட்டினார். "ரூல்படி அவர் சொல்வது சரி. சாயா வெளியே நிற்கட்டும். ஒன்பதைப் படியுங்கள்."

செக்ரட்டரி வேண்டாவெறுப்பாகப் படித்தார். டி விங், ஏழாவது மாடி, மொட்டை மாடி ஒழுகல். வாசலை ஒட்டிக் கடைசி நாற்காலியில் இருந்த ஓர் அம்மாள் எழுந்து நின்றார். அறுபத்தைந்து வயது இருக்கும், வெளிர்நீலப் புடவை, கையில் காகிதக் கட்டு. மனப்பாடம் செய்துகொண்டு வந்த மராத்தியில் பேசினார். முதல் கடிதம் எப்போது கொடுத்தார், இரண்டாவது எப்போது, அதற்கு என்ன பதில் வந்தது. நாலு வருஷக் கடிதம். யாரும் கேட்கவில்லை. நடுவரிசையில் ஒருவர், "ஏழாவது மாடியில் வாங்கினால் மழை வரத்தான் செய்யும். அதற்கு நாங்கள் ஏன் அழ வேண்டும்?" என்றார். இன்னொருவர் வடா ஆறுகிறது என்றார். செக்ரட்டரி, "அடுத்த கூட்டத்துக்குத் தள்ளி வைக்கலாமா? கை தூக்குங்கள்" என்றார்.

அந்த அம்மாள் உட்கார்ந்தார். காகிதங்களை நாலாக மடித்தார். மடியைப் பார்த்துக்கொண்டு மெதுவாகச் சொன்னார்:

"முருகா, இந்த வருஷமும் அவ்ளோதான். ராதாகிட்ட சொல்லிட வேண்டியதுதான். வித்துட்டு வந்துடறோம்னு."

தமிழ்.

நாற்பது பேரில் ஒருத்தருக்கும் தமிழ் தெரியாது என்றாரே தாயி. பக்கத்து மேஜையில் இருந்த பூச்சாடிக்குள் எட்டிப் பார்த்தேன். பிளாஸ்டிக் பூதான் இருந்தது. நோட்டீஸ் போர்டைத் தூக்கிப் பார்த்தேன், சுவர். முன்வரிசைப் பெரியவர் இன்னும் தூங்கிக்கொண்டிருந்தார். அந்த அம்மாள் பக்கம் குனிந்தேன்.

"அம்மா, இது நிஜமா?"

தமிழைக் கேட்டுத் திடுக்கிட்டுப் பார்த்தார். "எது நிஜமா? ஒழுகறதா? வாங்க, வந்து பாருங்க. நாலு பக்கெட் வெச்சிருக்கேன்."

"இல்லம்மா. இந்த மீட்டிங்."

என்னை ஏற இறங்கப் பார்த்தார். "உங்களுக்கு உடம்பு சரியில்லையா?"

"நான் ஷூட்டிங்குன்னு வந்தேன்மா."

"என்ன ஷூட்டிங்?" என்றார். பிறகு அவருக்கே ஏதோ புரிந்து, வாயைப் புடவைத் தலைப்பால் மூடிக்கொண்டார். சிரிப்பா அழுகையா என்று தெரியவில்லை. "நான் ஸ்கூல்ல முப்பது வருஷம் கணக்கு சொல்லிக் குடுத்தேன், சார். இங்க வந்து நாப்பது வருஷம் ஆச்சு. பொண்ணு ராதா சென்னைக்கு வா வான்னு கூப்பிடறா. எனக்குப் போக இஷ்டமில்ல. இந்த மழைக்கு ஹாலும் ஒழுக ஆரம்பிச்சா, படுத்த படுக்கையா இருக்கற எங்க வீட்டுக்காரர எங்க படுக்க வைப்பேன்?" என்றார்.

இப்போது கவனமாகக் கேளுங்கள், இதற்காகத்தான் இவ்வளவும் எழுதினேன். என் முன்னால் மூன்று வழி இருந்தது. வாசல் பக்கத்திலேயே இருந்தது, நைசாக நழுவிவிடலாம். மானம் மிஞ்சும், அந்த அம்மாளின் வீடு போகும். அல்லது காகாவாகவே நின்று கத்திச் சாதிக்கலாம். கூட்டம் என் கையில் இருந்தது, நான் சொன்னால் கை தூக்கியிருப்பார்கள். ஆனால் நாளைக்கே நான் உறுப்பினர் இல்லை என்பது தெரிந்தால் செக்ரட்டரி தீர்மானத்தையே கிழித்துப் போடுவார், பழி அந்த அம்மாள் தலையில் விழும். மூன்றாவது வழி, உண்மையைச் சொல்வது. சொன்னால் எழுபது பேரும் கொதிப்பார்கள், கூட்டம் கலையும், சாயா உள்ளே வரும். ரஞ்சன்காவ் ஆளாக, என் சொந்தக் குரலில், "மன்னிச்சுக்குங்க, தப்பான ஹாலுக்கு வந்துட்டேன்" என்று சொல்லும் தைரியம் எனக்கு இல்லை. சத்தியமாக இல்லை.

அப்போது கர்னல் என்னைப் பார்த்து, "என்ன காகா, இதற்கு ஆட்சேபணை இல்லையா?" என்றார். எல்லாரும் சிரிக்கத் தயாராகத் திரும்பினார்கள்.

சஃபாரியை இழுத்துவிட்டுக்கொண்டேன். ஸ்கேலைத் தூக்கினேன்.

"ஹரகத் ஆஹே! இந்தக் கூட்டத்தில் உறுப்பினரே அல்லாத ஒருவர் ஒன்றரை மணி நேரமாகப் பேசிக்கொண்டிருக்கிறார். அவருக்கு இங்கே ஃப்ளாட் கிடையாது. பார்க்கிங் கிடையாது. அவர் ஒரு டிவி நடிகர், ஷூட்டிங் என்று நினைத்து உள்ளே புகுந்துவிட்டார். அவர் பேசிய ஒவ்வொரு வார்த்தையையும் மினிட்ஸிலிருந்து நீக்க வேண்டும். அவரை உடனே வெளியேற்ற வேண்டும்."

"யார் அது?" என்று சீறினார் செக்ரட்டரி.

"நான்தான்" என்றேன்.

முதலில் கர்னல்தான் சிரித்தார். அவ்வளவு நேரமும் அசையாத முதுகு குலுங்கியது. அதோடு ஹால் முழுவதும் பிடித்துக்கொண்டது. முன்வரிசைப் பெரியவர் எழுந்து உட்கார்ந்து, "முடிந்ததா? வடா எங்கே?" என்றார்.

செக்ரட்டரிதான் சிரிக்கவில்லை. "அப்படியானால் ஒன்பதாவதும் செல்லாது. இந்த ஆள் தடுத்ததால்தானே எடுத்தோம்!" என்றார்.

கர்னல் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "அவர் பேச்சு நீக்கப்பட்டது. ஆனால் ஒன்பதைப் படித்தது நீங்கள். படிக்கச் சொன்னது நான். அந்த மேடம் உறுப்பினர். அவர் பேச்சை எப்படி நீக்க முடியும்? மேடம், பேசுங்கள். காகா, வெளியே."

துணிப்பையை எடுத்துக்கொண்டேன். போகிற போக்கில் அந்த அம்மாளிடம் சொன்னேன், தமிழில் சொன்னதால் மினிட்ஸில் ஏறாது என்ற தைரியத்தில்: "லெட்டர படிக்காதீங்கம்மா. வீட்ல ஒழுகறப்ப எடுத்த ஃபோட்டோ இருக்கா? அத மட்டும் காட்டுங்க."

வெளியே சாயாக்காரர் கெட்டில் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். "என் சாயாவுக்கு ஆட்சேபணை சொன்னது நீதானே?" என்றார். ஆமாம் என்று ஒப்புக்கொண்டேன். எனக்கு மட்டும் ஊற்றித் தர மறுத்துவிட்டார்.

ஜன்னல் கண்ணாடி வழியாகப் பார்த்தேன். உள்ளே பேசுவது கேட்கவில்லை. அந்த அம்மாள் எழுந்து ஃபோனை முன்னால் இருந்தவரிடம் கொடுத்தார். அது கைமாறிக் கைமாறிப் போனது. என்ன படம் என்று பிறகுதான் எனக்குக் காட்டினார். கட்டிலில் அவர் கணவர் படுத்திருக்கிறார், மேலே ஃபேனில் ஒரு குடையைத் தலைகீழாகக் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்கள், குடை நிறையத் தண்ணீர். ஃபோனை வாங்கியதும் ஒவ்வொருவரும் முதலில் சிரித்தார்கள், பிறகு சிரிப்பதை நிறுத்தினார்கள். ஏழாவது மாடியில் வாங்கினால் மழை வரும் என்று சொன்னாரே, அவர் ரொம்ப நேரம் ஃபோனை வைத்துக்கொண்டிருந்தார்.

இத்தனை வருஷத்தில் எத்தனையோ பேர் எனக்குக் கைதட்டியிருக்கிறார்கள். ஆனால் அன்றைக்கு ஜன்னலுக்கு வெளியே நின்றபோது அடித்துக்கொண்ட மாதிரி என் நெஞ்சு எந்த மேடையிலும் அடித்துக்கொண்டதில்லை. கர்னல் ஏதோ சொன்னார், மொட்டை மாடியைச் சரிசெய்யத்தான் ஓட்டு என்று பிறகு தெரிந்தது. ஒரு கை உயர்ந்தது. இரண்டு. ஏழாவது மாடி என்று நக்கலடித்தவர். பிறகு வரிசை வரிசையாக. கடைசியில் கர்னல் செக்ரட்டரியைத் திரும்பிப் பார்த்தார். செக்ரட்டரி ஃபைலை மூடினார், பேனாவை மூடினார், கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டினார், பிறகு கையைத் தூக்கினார். அவர் மட்டும் நடிகராக இருந்திருந்தால் அந்த ஒரு ஷாட்டுக்கே காலில் விழுந்திருப்பேன்.

நான் வெளியிலிருந்து பலமாகக் கைதட்டிவிட்டேன். ஜன்னல் படாரென்று திறந்தது.

"உறுப்பினர் அல்லாதவர்கள் கைதட்டக் கூடாது!" என்றார் செக்ரட்டரி. ஆனால் அப்போது அவர் கழுத்தில் நரம்பு இல்லை. ஒரு தட்டில் இரண்டு வடாவை வைத்து ஜன்னல் வழியாக நீட்டினார்.

ஃபோனைத் திரும்ப ஆன் செய்தேன். தாயியிடமிருந்து வரிசையாக மிஸ்டு கால். கூப்பிட்டேன், எடுத்தவுடன் அவர் திட்டிய திட்டை இங்கே எழுத முடியாது. இரண்டாம் கட்டத்துக் கிளப் ஹாலில் நாற்பது பேரையும் மூன்று கேமராவையும் வைத்துக்கொண்டு பதினொரு மணியிலிருந்து காத்திருந்திருக்கிறார். நடந்ததை முழுக்கச் சொன்னேன். பரிதாபமாக, "ஒன்றரை மணி நேரம். ஒரு கேமராகூட இல்லையா?" என்றார். அழாத குறை.

அன்று மத்தியானம் சரியான ஹாலில் அதே காட்சியை எடுத்தோம். நாடகக் குழு நன்றாகத்தான் நடித்தார்கள். சுமாராக வந்தது. தூங்குகிறவராக நடித்தவரின் கண்ணிமை துடித்தது. பேக்கப் ஆன பிறகு தாயி எனக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்து ஒரே ஒரு கேள்வி கேட்டார். "நிஜம் என்று தெரிந்த பிறகு யார் குரலில் உண்மையைச் சொன்னாய்?"

"காகா குரலில்தான்" என்றேன். "என் குரலில் சொல்லப் பயமாக இருந்தது."

"நல்லது. நீயாக இருந்திருந்தால் ஓடியிருப்பாய்" என்றார். அவர் என்னைப் பாராட்டியது அந்த ஒரு தரம்தான், அதையும் பாராட்டு என்று நானாக எடுத்துக்கொண்டேன்.

நீங்கள் எல்லாரும் வேஷம் போட்டுக்கொண்டு கேலி செய்யத் தெரிந்தவர்கள். எனக்குச் சந்தோஷம். ஆனால் நீங்கள் போடுகிற கிறுக்கனுக்கும் ஒரு நேர்மை இருக்க வேண்டும். எல்லாவற்றையும் ஆட்சேபிக்கிறவன் என்றால், முறை வரும்போது தன்னையும் ஆட்சேபிக்க வேண்டும். அதைச் செய்யாத ஆளைப் பார்த்து நாலு பேர் சிரிக்கலாம், ஆனால் அவன் சொன்னால் ஒருவரும் கை தூக்க மாட்டார்கள்.

அந்த அம்மாள் என் நம்பரை வாங்கி வைத்திருந்தார். ஜூன் இரண்டாவது வாரம், காலை ஏழு மணி இருக்கும், பேய் மழை. எங்கள் வீட்டுப் பால்கனியில் துணியெல்லாம் நனைந்து மனைவி என்னைத் திட்டிக்கொண்டிருந்தாள். ஃபோன் அடித்தது.

"சார், கொஞ்சம் இருங்க. ஃபோன ஹாலுக்கு நடுவுல வெக்கறேன். நல்லா கேளுங்க" என்றார்.

காதில் அழுத்தி வைத்துக்கொண்டேன். மனைவியைச் சும்மா இருக்கச் சொல்லிக் கையைக் காட்டினேன். ஒரு நிமிஷம் போயிற்று.

"என்னம்மா, ஒண்ணும் கேக்கலையே?"

"அதான் சார்!" என்றார்.